சிந்துபூந்துறையில் துறை எங்கே?

வாசகர் கேட்டது, 9 ஜூன் 2024

"ஒரு துக்கத்துக்காகப் போன வாரம் திருநெல்வேலி சிந்துபூந்துறை தகன மேடைக்குப் போயிருந்தேன். வேலை முடிய இரண்டு மணி நேரம் ஆனது. அதுவரை சுற்றிப் பார்த்தேன். பெயர்தான் அழகு. துறையும் இல்லை, பூவும் இல்லை. ஜங்ஷனுக்குக் கொல்லைப்புறம், அவ்வளவுதான். இந்த இடத்துக்கென்று வரலாறு ஏதாவது உண்டா?"

9 ஜூன், இரவு

அண்ணாச்சி, நான் பிறந்த தெருவைக் கொல்லைப்புறம் என்று சொல்லிவிட்டீர்கள். சாப்பிட உட்கார்ந்தவள் பாதியில் எழுந்து வந்து எழுதுகிறேன். துறை இருக்கிறது. உங்களுக்கு யாரும் காட்டவில்லை. நாளைக்கு விவரமாக எழுதுகிறேன்.

10 ஜூன்

முதலில் இடம். ஜங்ஷன் ரயில்வே ஸ்டேஷனுக்கும் தாமிரபரணிக்கும் நடுவில், ஆற்றின் மேற்குக் கரையில் ஒட்டிக்கொண்டு கிடக்கிற தெருக்கள்: மீனாட்சிபுரம், கைலாசபுரம், சிந்துபூந்துறை. எதிர்க்கரையில் கொக்கிரகுளமும் வண்ணார்பேட்டையும். கலெக்டர் ஆபீஸ் அந்தப் பக்கம், ரயில் இந்தப் பக்கம். நெல்லைக்காரர்கள் டவுணுக்கும் பாளைக்கும் போகிற வழியில் எங்களைத் தாண்டித்தான் போவார்கள், ஆனால் இறங்க மாட்டார்கள். அதனால்தான் உங்களுக்கு இது கொல்லைப்புறமாகப் பட்டிருக்கிறது. எனக்கு இதுதான் தலைவாசல்.

நான் வளர்ந்தது ஒரு வளவில். ஏழு வீடு, ஒரு கிணறு, ஒரு வேப்ப மரம். கிணறு இருந்தாலும் குளிக்க ஆற்றுக்குத்தான் போவோம். காலையில் ஆச்சி பித்தளைத் தோண்டியை இடுப்பில் வைத்துக்கொண்டு முன்னால் நடப்பாள், நாங்கள் பின்னால். துறையில் இறங்கியதும் எதிர்க்கரையில் துணி துவைக்கிறவர்கள் தெரிவார்கள். துணி கல்லில் விழுவதைக் கண் பார்த்துவிடும், சத்தம் கொஞ்சம் பிந்தித்தான் காதுக்கு வரும். ஏழு வயதில் எனக்கு அது பெரிய அதிசயம். கை மேலே போகும்போது 'தொப்'பென்று கேட்கும். யாரோ ஒளிந்திருந்து சத்தம் போடுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

பெயரைப் பற்றி ஆச்சி சொன்ன கதை இது. யாரோ ஒருவர் தன் அப்பாவின் அஸ்தியைக் கலயத்தில் கட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போனார். இந்தத் துறையில் இறக்கி வைத்துத் திறந்தபோது உள்ளே எலும்புக்குப் பதிலாகப் பூ இருந்தது. அதைச் சிந்தின துறை இது. "அதாம்ட்டி சிந்துபூந்துறை" என்பாள். தகன மேடை இங்கே இருப்பதற்கும் இந்தக் கதைக்கும் பொருத்தம் இருக்கிறது பாருங்கள். நீங்கள் கொல்லைப்புறம் என்ற இடம், பெரியவர்களுக்குப் போய்ச் சேர வேண்டிய இடமாக இருந்தது.

14 ஜூன்

மேலே எழுதியதில் ஒரு திருத்தம். கதையை நான் மாற்றவில்லை, ஆச்சி சொன்னது அப்படியே இருக்கட்டும். ஆனால் பெயர் அந்தக் கதையில் இருந்து வந்தது என்று எழுதினேனே, அதைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன்.

பாளையங்கோட்டையில் தமிழ் சொல்லிக்கொடுக்கிற தோழி போனில் பிடித்துக்கொண்டாள். "தேவாரத்தைப் பார்க்காம எழுதிட்டியேளா" என்றாள். நெல்லையப்பர் மேல் சம்பந்தர் பாடிய பதிகம் மூன்றாம் திருமுறையில் இருக்கிறது. இராவணன் மலையைத் தூக்கிய பாட்டின் கடைசி இரண்டு அடி:

கந்தமார் தருபொழில் மந்திகள் பாய்தர மதுத்திவலை
சிந்துபூந் துறைகமழ் திருநெல் வேலியுறை செல்வர் தாமே.

பொழிலில் மந்திகள் மரத்துக்கு மரம் தாவுகின்றன. தாவுகிற அதிர்வில் பூக்களில் இருந்து தேன் துளி சிந்துகிறது. அப்படிச் சிந்துகிற பூந்துறை மணக்கிற திருநெல்வேலி. 7ஆம் நூற்றாண்டுப் பாட்டில் எங்கள் தெருப்பெயர் எழுத்து மாறாமல் உட்கார்ந்திருக்கிறது! சின்ன வயதில் கைலாசபுரம் தைப்பூச மண்டபத்து வாசலில் ஓதுவார் பாடிக் கேட்டிருக்கிறேன். வீட்டு விலாசத்தைப் பாடுகிறார் என்று அப்போது உறைக்கவில்லை.

ஆக, சிந்தியது பூவும் இல்லை, எலும்பும் இல்லை. தேன்.

15 ஜூன்

ராத்திரி படுத்தபிறகு ஒரு சந்தேகம். பாட்டில் 'சிந்து' என்பது மதுத்திவலையோடு சேர்கிற சொல். திவலை சிந்துகிற பூந்துறை. அப்படியானால் அது ஊர்ப்பெயரா, வெறும் வருணனையா? இந்தத் துறைக்கு அப்போதே அந்தப் பெயர் இருந்து, அதைச் சம்பந்தர் பாட்டில் நயமாக வைத்திருக்கலாம். இல்லை, பாட்டைக் கேட்டவர்கள் பிறகு துறைக்கு அந்தப் பெயரை வைத்திருக்கலாம். பாட்டை மட்டும் வைத்து இரண்டில் எதையும் அடித்துச் சொல்ல முடியாது. நேற்று தெருப்பெயர் என்று ஆச்சரியக்குறி போட்டுவிட்டேன். அந்தக் குறியை எடுத்துவிட்டுப் படியுங்கள்.

ஆனால் மந்தி தாவத் தோப்பு இருந்திருக்கிறது. அது மட்டும் மாறாது. எனக்கு நினைவு தெரிந்து இந்தக் கரையில் மருத மரங்கள் நின்றன, வேர் தண்ணீருக்குள் இறங்கியிருக்கும், அதைப் பிடித்துக்கொண்டுதான் நீச்சல் பழகினோம்.

30 ஜூன்

வெளியூர் வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார்: "நெல்லையில் மழையே இல்லை, ஆற்றில் தண்ணீர் வருகிறது என்கிறீர்களே, எப்படி?"

இதுதான் எங்கள் ஆற்றின் குணம். ஜூன் பிறந்தால் தென்மேற்குப் பருவமழை பொதிகை மலையில் விழும். ஊரில் வெயில் காய்ந்துகொண்டிருக்கும், ஜங்ஷனில் தார் இளகும், ஆனால் துறையில் தண்ணீர் ஒவ்வொரு படியாக ஏறும். மேலே பாபநாசம், சேர்வலாறு, மணிமுத்தாறு அணைகள். அங்கே திறந்துவிட்டால் கார் சாகுபடிக்கு, அதாவது முதல் போக நெல்லுக்கு, வாய்க்கால்களில் தண்ணீர் ஓடும். கோடைமேலழகியானில் தொடங்கி ஸ்ரீவைகுண்டம் வரை ஆற்றில் 8 அணைக்கட்டுகள். சுத்தமல்லியில் இருந்து நெல்லைக் கால்வாய், பழவூரில் இருந்து பாளையங்கால்வாய். ஆக, நெல்லைக்கு வருகிற ஆறு ஏற்கனவே பாதி வயலுக்குப் பங்கு கொடுத்துவிட்டு வருகிற ஆறு. ஆச்சி அதைத்தான் "வீட்டுக்கு வாரதுக்குள்ள நாலு பேருக்குப் பந்தி வச்சிட்டு வாரா" என்பாள். ஆறு அவளுக்கு எப்போதும் 'அவ'தான்.

வடகிழக்கு மழை வேறு மாதிரி. ஐப்பசி, கார்த்திகையில் அணைகளுக்குக் கீழேயும் கொட்டும். கடனாநதி, பச்சையாறு எல்லாம் சேர்ந்து வரும்போது அணையை மூடி வைத்தாலும் ஆற்றைப் பிடிக்க முடியாது. வெள்ளம் பற்றித் தனியாக எழுத வேண்டும். அதற்கு மனசு வரும்போது எழுதுகிறேன்.

23 ஜூலை

இன்றைக்கு வேறு எதையும் எழுதக் கூடாது என்று நினைத்தேன். ஆனால் இந்தக் கரையின் வரலாறு கேட்டவருக்கு இந்த நாளைச் சொல்லாமல் விடுவது பொய்.

1999 ஜூலை 23. மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் கூலிக்காகவும், சிறையில் இருந்தவர்களின் விடுதலைக்காகவும் கலெக்டர் ஆபீஸுக்கு ஊர்வலம் வந்தது. கொக்கிரகுளத்தில் மறித்தார்கள். தடியடி நடந்தது. ஆற்றுக்குள் இறங்கி ஓடியவர்களும் விரட்டப்பட்டார்கள். 17 பேர் இறந்தார்கள். அதில் இரண்டு பெண்கள், ஒன்றரை வயதுக் குழந்தை ஒன்று.

எனக்கு அப்போது பதினைந்து வயது. பள்ளிக்கூடத்தைச் சீக்கிரம் விட்டுவிட்டார்கள். வளவு வாசலில் அம்மா நின்றாள், உள்ளே தள்ளிக் கதவைச் சாத்தினாள். எதிர்க்கரையில் இருந்து சத்தம் மட்டும் வந்தது. துணி துவைக்கிற சத்தம் எப்படித் தண்ணீருக்கு மேல் தெளிவாக வருமோ அப்படி வந்தது. அப்புறம் ரொம்ப நாளைக்கு வளவில் யாரும் ஆற்றுக்குப் போகவில்லை. எட்டாம் நாளோ ஒன்பதாம் நாளோ ஆச்சிதான் முதலில் தோண்டியை எடுத்தாள். துறையில் இறங்குமுன் கையில் கொண்டுபோயிருந்த பூவைத் தண்ணீரில் போட்டாள். யாருக்கு என்று நாங்கள் கேட்கவில்லை.

25 வருஷம் ஆகிவிட்டது. இன்று காலையில் அஞ்சலி செலுத்த வந்தவர்களைப் பாலத்தின் மேல் பஸ்ஸில் இருந்து பார்த்தேன். இறங்கிக்கொண்டேன்.

26 ஜூலை

"அமைதியாகப் போய்க்கொண்டிருந்த பேச்சில் ஏன் இதைக் கொண்டுவந்தீர்கள்?" என்று ஒருவர் வருத்தப்பட்டிருக்கிறார். நான் தேவாரத்தையும் இதையும் ஒரே துறையில் நின்றுதான் கேட்டேன். ஒன்றை மட்டும் எழுத எனக்குத் தெரியவில்லை.

4 ஆகஸ்ட்

இன்று ஆடி அமாவாசை. இப்போது நான் இருப்பது பெருமாள்புரம். விடியுமுன் பஸ் பிடித்து அம்மாவைக் கூட்டிக்கொண்டு துறைக்குப் போனேன். தர்ப்பணம் கொடுக்க நல்ல கூட்டம். அப்பாவுக்கு எள்ளும் தண்ணீரும் விட்டுவிட்டு அண்ணன் கரையேறினான். நான் படிகளைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

ஒரு கல்லைத் தேடினேன். எங்கள் துறையில் மேலிருந்து ஒன்பதாவது படியில், இடது ஓரத்தில் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு குழி இருக்கும். பெண்கள் மஞ்சள் கிழங்கை உரசி உரசி விழுந்த குழி. அடியில் மழமழவென்று இருக்கும், ஓரத்தில் சொரசொரப்பு. கிழங்கை அதில் வைத்து நாலு சொட்டுத் தண்ணீர் விட்டுச் சுற்றினால் விழுது தானாக நடுவில் திரளும். ஆச்சிக்கு முந்தி எத்தனை பேர் உரசியிருந்தால் கருங்கல்லில் அப்படிக் குழி விழும்? சின்னவளாக இருக்கும்போது குழியில் தேங்கிய மஞ்சள் தண்ணீரில் விரலை முக்கி அடுத்த படியில் கோலம் போடுவேன்.

இன்று எண்ணிப் பார்த்தேன். ஏழு படிதான் தெரிகிறது. எட்டாவது இருக்க வேண்டிய இடத்தில் வண்டலும் நாணலும். குழிக்கல் போய்விட்டது. போன வெள்ளத்தில் அடித்துக்கொண்டு போயிருக்க வேண்டும், இல்லாவிட்டால் யாராவது பெயர்த்திருக்க வேண்டும். அம்மாவிடம் சொன்னேன். "கல்லு எங்கட்டி போவும்" என்று மட்டும் சொன்னாள்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். படியில் இருந்து ஐம்பது அடி தள்ளி ஒரு ஓடை வாய் ஆற்றில் விழுகிறது. ஊர்ச் சாக்கடை. கறுப்புத் தண்ணீர் கரையோரமாகவே கொஞ்ச தூரம் தனியாக ஓடுகிறது, ஆற்றோடு கலக்கக் கூச்சப்படுவதுபோல. தர்ப்பணத்துக்கு வந்தவர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு மேல்பக்கமாக நகர்ந்து நின்றார்கள். கேள்வி கேட்ட அண்ணாச்சி, நீங்கள் துறையைப் பார்க்காததற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கும். நாற்றம் இருக்கிற பக்கம் யாரும் நடக்க மாட்டார்கள். அந்த அளவில் நீங்கள் சொன்னதில் நியாயம் இருக்கிறது. ஜூனில் உங்கள்மேல் எனக்கு வந்த கோபத்தில் பாதி இந்த ஓடைக்குப் போக வேண்டியது.

11 ஆகஸ்ட்

அல்வா பற்றி மூன்று பேர் கேட்டுவிட்டீர்கள். ஆற்றுத் தண்ணீரால்தான் ருசி என்று நாங்களும் சொல்லித்தான் வளர்ந்தோம். சம்பா கோதுமைப் பால், நெய், கை ஓயாத கிண்டல், இந்த மூன்றும் இல்லாமல் எந்தத் தண்ணீரும் அல்வா ஆகாது. போதும், ஆற்றுக்கு வருவோம்.

8 செப்டம்பர்

பழைய ரயில்வே புத்தகம் பார்க்கிற நண்பர் ஒரு நல்ல விஷயம் அனுப்பினார். இன்றைய ஜங்ஷன் ஸ்டேஷனுக்கு வெள்ளைக்காரர் காலத்தில் பெயர் 'திருநெல்வேலி பாலம்'. டிக்கெட்டில் ஊர்ப்பெயரோடு பாலத்தையும் சேர்த்து அடித்திருக்கிறார்கள். அப்போது ஸ்டேஷனை விடப் பாலம் பெரிய அடையாளம். அந்தப் பாலத்தைப் பற்றி எழுத நவம்பர் வரை காத்திருக்கிறேன். காரணம் அன்றைக்குத் தெரியும்.

27 நவம்பர்

இன்றைக்குப் பாலத்துக்குப் பிறந்தநாள். 1843 நவம்பர் 27 அன்று திறந்தது. 181 வயது.

பாலம் வருமுன் இரண்டு கரைக்கும் நடுவில் படகுதான். பாளையங்கோட்டையில் பட்டாளம், கொக்கிரகுளத்தில் கச்சேரி என்கிற கலெக்டர் ஆபீஸ், டவுணில் கடைகளும் கோவிலும். எல்லாருக்கும் ஆற்றைக் கடந்தே ஆக வேண்டும். படகுத்துறையில் முந்துகிறவர்களுக்குள் அடிதடி. வெள்ளம் வந்தால் அதுவும் கிடையாது. 1840இல் கலெக்டராக வந்த தாம்சன் பாலம் கட்டுவது என்று முடிவெடுத்தார். வரைபடம் போட்டார்கள். 11 கண், ஏறக்குறைய 50,000 ரூபாய். அந்தக் காலத்து 50,000. கம்பெனிப் பணம் வராது, ஊரில் வசூலிக்க வேண்டும் என்றார்கள். கலெக்டர் கச்சேரியில் சிரஸ்தாராக, அதாவது தலைமை எழுத்தராக, இருந்த சுலோசன முதலியார், குடியானவனிடம் வசூல் என்று போனால் என்ன நடக்கும் என்று அறிந்தவர். தன் கைப்பணத்தைக் கொடுத்தார். அவருடைய மனைவி வடிவாம்பாள் நகைகளைக் கழற்றிக் கொடுத்தார் என்று நெல்லையில் எல்லார் வீட்டிலும் சொல்வார்கள். எங்கள் ஆச்சி பாலத்தில் ஏறும்போதெல்லாம் கைப்பிடிச் சுவரைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வாள். "முதலியாருக்கா ஆச்சி?" என்று கேட்டால், "அந்த அம்மாளுக்கு" என்பாள்.

இன்று மாலை நானும் தொட்டேன். பக்கத்தில் புதுப் பாலம் வந்த பிறகு பழைய பாலத்தில் நெரிசல் பாதியாகிவிட்டது, நின்று ஆற்றைப் பார்க்க முடிகிறது. பாலத்தில் நடக்கிறவர்கள் அப்படியே வடக்கே திரும்பினால் கைலாசபுரம் தைப்பூச மண்டபமும் அதைத் தாண்டி எங்கள் கரையும் தெரியும். அடுத்த முறை வரும்போது திரும்புங்கள்.

28 நவம்பர்

இரண்டு விஷயம் விட்டுப்போயிற்று.

ஒன்று, இன்று நாம் பார்க்கிறது முழுக்க 1843இன் பாலம் இல்லை. 1869 வெள்ளம் பாலத்தின் ஒரு பகுதியை அடித்துக்கொண்டு போனது, அப்புறம் திரும்பக் கட்டினார்கள். பிற்காலத்தில் அகலப்படுத்தவும் செய்தார்கள். ஆகவே '181 வயது' என்பதைக் கொஞ்சம் தளர்த்திப் பிடியுங்கள்.

இரண்டாவது, நேற்று எழுதி முடித்தபிறகு தோன்றியது. துறை என்றால் இறங்குகிற இடம், கடக்கிற இடம். கருப்பந்துறை, குறுக்குத்துறை, சிந்துபூந்துறை என்று இந்த ஆற்றோரப் பெயர்கள் எல்லாம் ஜனங்கள் தண்ணீருக்குள் இறங்கிய காலத்துப் பெயர்கள். பாலம் வந்த நாளில் கடக்கிற வேலை துறையை விட்டுப் போயிற்று. வீட்டுக்கு வீடு குழாய் வந்தபோது குளியலும் போயிற்று. இப்போது மிச்சம் இருப்பது தர்ப்பணமும் தைப்பூசமும் தகன மேடையும். நான் கும்பிடுகிற பாலம்தான் எங்கள் துறையை முதலில் ஆளில்லாமல் ஆக்கியது. இதை எழுதும்போது மனசுக்கு ஒரு மாதிரி இருக்கிறது. ஆனாலும் பாலம் இல்லாத ஊரில் பிரசவ வலியோடு படகுக்குக் காத்திருந்த பெண்களை நினைத்தால், அந்தச் சுவரைத் தொடாமல் இருக்க முடியாது.

17 டிசம்பர்

ஜூனில் தள்ளிப்போட்ட வெள்ளத்தை இன்று எழுதுகிறேன். அது வந்து சரியாக ஒரு வருஷம். போன வாரம் திரும்பவும் மழை அடித்து, குறுக்குத்துறை முருகன் கோவில் முங்கியது. அம்மாவுக்கு மூன்று ராத்திரி தூக்கம் இல்லை.

குறுக்குத்துறைக் கோவிலைப் பார்க்காதவர்களுக்குச் சொல்கிறேன். அது ஆற்றுக்குள்ளேயே இருக்கிறது. தண்ணீர் வருகிற பக்கத்து மதிலைப் படகு மூக்குப்போலக் கட்டியிருப்பார்கள். வெள்ளம் வந்து மோதி இரண்டாகப் பிரிந்து போகும். தண்ணீர் ஏறுகிறது என்று தெரிந்ததும் உற்சவரையும் சாமான்களையும் கரையில் இருக்கிற மேலக்கோவிலுக்குக் கொண்டுபோய்விடுவார்கள். மூலவர் அங்கேயே முங்கிக் கிடப்பார். வடிந்ததும் கழுவி விட்டுப் பூசை. கோவிலுக்கு அந்த ஏற்பாடு உண்டு. எங்கள் தெருவுக்கு இல்லை.

2023 டிசம்பர் 17, ஞாயிற்றுக்கிழமை. காலையில் இருந்து விடாத மழை. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் பெய்தது என்று பிறகு படித்தோம். அன்றைக்கு எங்களுக்குத் தெரிந்தது ஓட்டில் விழுந்த இரைச்சல்தான். நான் அம்மாவோடு இருக்கலாம் என்று முந்தின நாளே போயிருந்தேன். சாயங்காலம் நடையில் நின்று தெருவைப் பார்த்தோம். தெருவில் தண்ணீர் இல்லை. "ஆறு இன்னும் தைப்பூச மண்டபத்தத் தாண்டல" என்று யாரோ சொல்லிக்கொண்டு போனார். எங்கள் பக்கத்தில் மண்டபம்தான் அளவுகோல். மண்டபத் தூண் எவ்வளவு தெரிகிறது என்று கேட்டால் போதும்.

தண்ணீர் ஆற்றுப் பக்கம் இருந்து வரும் என்று அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தோம். வந்தது புறவாசல் வழியாக. பாத்திரம் கழுவுகிற அங்கணத்து ஓட்டையில் முதலில் 'குளுக் குளுக்' என்றது. அப்புறம் கறுப்பாக ஒரு நாக்கு தரையில் நீண்டது. ஆறு உயர்ந்துவிட்டால் சாக்கடை அதில் விழ முடியாது, திரும்பி வீட்டுக்குள் வரும். அதற்கு அரைமணி கழித்துத்தான் நிஜ ஆறு வாசல் பக்கம் வந்தது. அது செம்மண் நிறம். பட்டாசலின், அதாவது கூடத்தின், நடுவில் கறுப்பும் சிவப்பும் சந்தித்ததை டார்ச் வெளிச்சத்தில் பார்த்தேன். அம்மா சாமி அலமாரியைத் திறந்து நாலு படத்தையும் அப்பாவின் படத்தையும் சேலைத் தலைப்பில் கட்டிக்கொண்டாள். ரேஷன் கார்டு, வீட்டுப் பத்திரம், பிரஷர் மாத்திரை. தட்டட்டிக்கு, அதாவது மொட்டைமாடிக்கு, ஏறினோம். வளவில் எல்லாரும் அங்கேதான். ஒரு தார்ப்பாய்க்குக் கீழே பதினெட்டுப் பேர், ஒரு ஆடு.

கரண்ட் போனபிறகு ஊர் முழுக்க இருட்டு. இரைச்சலை வைத்துத்தான் ஆறு எங்கே இருக்கிறது என்று கண்டுபிடித்தோம். எல்லாப் பக்கமும் கேட்டது.

மறுநாள் மத்தியானம் ஒரு படகு வந்தது. தம்பிமார் நாலு பேர், கடற்கரைப் பக்கத்துப் பேச்சு. படகில் ஏறி எங்கள் தெரு வழியாகவே போனோம். பக்கத்து வளவு அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு, "முதலியார் வாரதுக்கு முந்தி இப்பிடித்தான் போயிருப்பாவளோ" என்றாள். பயத்தோடு பயமாக எல்லாரும் சிரித்துவிட்டோம்.

வடிந்தபிறகு வீட்டுக்குள் கணுக்கால் வரை வண்டல். சுவரில் ஒரே நேராகப் பழுப்புக் கோடு, காலண்டர் ஆணிக்கு நாலு விரல் கீழே. கோட்டின் கீழே சுண்ணாம்பு ஊதிப்போய்த் தொட்டால் உதிர்ந்தது. ஆச்சியின் டிரங்குப் பெட்டியில் இருந்த சுங்குடிச் சேலைகளை உதறிக் காயப்போட்டோம். நாலு தடவை அலசியும் அந்த வாடை போகவில்லை. அம்மா ஒன்றைக்கூடத் தூரப் போடவில்லை. இன்னும் அந்தப் பெட்டியைத் திறந்தால் வெள்ளம்தான் மணக்கிறது.

1992 நவம்பர் வெள்ளத்தில் எனக்கு எட்டு வயது. அப்போது வீட்டுக்குள் அப்பாவின் மார்பு வரை தண்ணீர். 2023இல் அம்மாவின் இடுப்புக்குக் கொஞ்சம் மேல். ஆகவே போன வருஷத்து வெள்ளம் 1992இல் பாதிதான் என்று வைத்துக்கொள்ளலாம்.

19 டிசம்பர்

முந்தின குறிப்பின் கடைசி வரி தப்பு. அம்மாவிடம் படித்துக் காட்டினேன். "தரைய ஒசத்துனது மறந்துட்டியாட்டி?" என்றாள்.

1992க்குப் பிறகு தெருவில் ஒவ்வொரு முறை ரோடு போடும்போதும் பழையதைச் சுரண்டாமல் மேலேயே போட்டார்கள். தெரு உயர்ந்தது. மழைத் தண்ணீர் வீட்டுக்குள் இறங்கியது. அதனால் நாங்கள் மண் அடித்துத் தரையை உயர்த்தினோம். முதலில் ஒரு முறை, டைல்ஸ் போடும்போது இன்னொரு முறை. தரையில் இருந்து அளந்தால் கணக்கு வராது. சரியான அளவு பட்டாசல் கல்தூணில் இருக்கிறது. 1992இல் அப்பா உளியால் ஒரு கீறல் போட்டு வைத்திருந்தார். நேற்று போய்ப் பார்த்தேன். பழைய கீறலுக்கும் போன வருஷத்து வண்டல் கோட்டுக்கும் நடுவில் ஒரு சாண்தான். பாதியும் இல்லை, கால்வாசியும் இல்லை, ஒரு சாண். அண்ணன் அம்மாவைத் தன்னோடு வரச் சொல்லி மன்றாடுகிறான். அவள் தூணைக் காட்டி, "இதுக்கு மேல வரல லா" என்கிறாள்.

11 பிப்ரவரி 2025

தைப்பூசம். நெல்லையப்பரும் காந்திமதியம்மையும் தீர்த்தவாரிக்கு மண்டபத்துக்கு வந்திருந்தார்கள். வருஷத்தில் ஒரு நாள் டவுணே எங்கள் கரைக்கு வந்து இறங்கும். இன்றைக்கு மட்டும் யாரும் இதைக் கொல்லைப்புறம் என்று சொல்ல முடியாது.

சாமி வருமுன் மண்டபத்துத் தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தேன். 1908 மார்ச்சில் வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் நின்று பேசிய இடம் இது. வங்கத்துத் தலைவர் விபின் சந்திர பாலின் விடுதலையைக் கொண்டாடிய கூட்டம். மார்ச் 12இல் கைது, 13இல் ஊரே கொந்தளித்தது, துப்பாக்கிச் சூட்டில் நெல்லையில் நாலு பேர் போனார்கள். மைக் இல்லாத காலம். ஆற்றங்கரையில் பேசினால் எதிர்க்கரை கச்சேரிக்கும் கேட்டிருக்கும் என்று எனக்கு ஒரு நினைப்பு. துணி துவைக்கிற சத்தம் வந்த அதே தண்ணீர்தானே.

தீர்த்தவாரி முடிந்து கூட்டம் கலைந்ததும் அம்மா எங்கள் துறைக்குப் போகலாம் என்றாள். மழைக்காலம் முடிந்து தண்ணீர் நன்றாக இறங்கியிருக்கிறது. வளவுப் பையன்கள் பொங்கலுக்கு முன்னால் நாணலை அறுத்து, வண்டலைக் கொஞ்சம் வழித்திருந்தார்கள். அம்மா செருப்பை மேலே விட்டுவிட்டு வாய்விட்டு எண்ணிக்கொண்டே இறங்கினாள். ஏழு. எட்டு ஈரமாக, பாதி மண்ணுக்குள் இருந்தது. அடுத்ததை அவள் காலால் துழாவினாள். இடது ஓரத்துக்கு நகர்ந்து நின்றுகொண்டு என்னைப் பார்த்து, "கைய விடு" என்றாள்.

முழங்கை வரை சேறு. கல் தட்டுப்பட்டது. அப்புறம் விரல் ஒரு வழவழப்பில் இறங்கியது.

ஆகஸ்டில் குழிக்கல் போய்விட்டது என்று எழுதியிருந்தேன். போகவில்லை. அண்ணாச்சி, சித்திரையில் தண்ணீர் இன்னும் இறங்கும், ஒன்பதாவது படி வெளியே வந்துவிடும். காலை ஆறு மணிக்கு வந்தால் ஓடை வாடை இருக்காது, காற்று மேற்கே இருந்து அடிக்கும். தகன மேடைக்கு முந்தின சந்தில் இறங்குங்கள். மஞ்சள் கிழங்கு நான் கொண்டு வருகிறேன்.